மின்விசிறியை நிறுத்துங்கள்

அத்தியாயம் பதினொன்று

வடக்குத் துண்டு நிலம் சட்டப்படி எங்களுடையதுதானா என்று எனக்கு முழு நிச்சயமாகத் தெரியாது. இதை ஒருமுறை அக்காவிடம் சொன்னபோது, "வெளிய எங்கயும் சொல்லித் தொலைச்சிராத" என்றாள். அதனால் நோட்டில் மட்டும் எழுதி வைத்தேன். அந்த நோட்டே இன்று விசாரணை அதிகாரியின் மேசைக்குப் போகும் என்று காலையில் யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன்.

நிச்சயமாகத் தெரிந்தவை சில உண்டு. எங்கள் வீட்டுக்குப் பின்னால் பதினெட்டடி அகலத்தில் ஓடும் அந்த இடத்தில் அப்பாவின் லேத் பட்டறை இருபத்தாறு வருடமாக இருக்கிறது. என்னைவிட நான்கு வயது மூத்த பட்டறை. பெரியப்பா மொத்த இடத்தையும் கிடங்கு கட்டுகிறவர்களுக்குக் கைமாற்றப் பார்க்கிறார். வடக்குத் துண்டு தன் பங்கு, தம்பிக்குத் தற்காலிகமாக விட்டு வைத்தேன், அவ்வளவுதான் என்று நில அலுவலகத்தில் மனு கொடுத்திருக்கிறார்.

முதல் விசாரணைக்கு அப்பா தனியாகப் போனார். அக்காவுக்கு அவசர வேலை. நான் வேலை பார்க்கும் ஜெராக்ஸ் கடையில் விடுப்பு கிடைக்கவில்லை. போனவர் திரும்பி வந்து, என்னென்னவோ கேட்டார்கள், எழுதிக்கொண்டார்கள், கண்ணாடி எடுத்துப் போகாததால் கையெழுத்தை அடுத்த தடவைக்குத் தள்ளிவிட்டு வந்தேன் என்றார். நாங்களும் விட்டுவிட்டோம். போன வாரம் கடிதம் வந்தது. 'தங்களது ஒப்புதல் வாக்குமூலத்தில் கையொப்பமிட இறுதி வாய்ப்பு.'

என்னத்தை ஒப்புக்கொண்டார் என்று அவருக்கே தெரியவில்லை.

இன்று காலை ஆறு ஐம்பதுக்கு அப்பா சவரம் செய்துகொண்டார். ஏழே காலுக்கு அக்கா பட்டறைக்குள் போய், பாதியில் நின்ற ஒரு இரும்புத் தண்டை லேத்தில் கடைந்து முடித்து, கைகளை மூன்று தடவை சோப்புப் போட்டுக் கழுவினாள். அப்படியும் நக ஓரத்தில் கறுப்பு போகவில்லை. வாடிக்கையாளர்கள் அவளுக்கு வைத்த பெயர் 'மில்லி'. எதையும் மில்லிமீட்டரில்தான் பேசுவாள். உப்பு கொஞ்சம் கூடிப்போனால்கூட ரெண்டு மில்லி கூட என்பாள்.

அம்மா முன்னறையில் தையல் மிஷினுக்கு முன்னால் இருந்தாள். பள்ளிச் சீருடைகள் தைத்துக் கொடுப்பது அவள் வேலை. ஒரு மாதமாகவே அவள் பேச்சு குறைந்திருக்கிறது. இன்று அப்பாவின் சட்டைக்கு இஸ்திரி போட்டுக் கொடுத்துவிட்டுத் திடீரென்று சொன்னாள்:

"பேசாம கையெழுத்துப் போட்டுட்டு வந்துருங்க. நமக்கெதுக்கு வம்பு."

அப்பாவுக்கு அது கேட்கவில்லை. அக்காவுக்குக் கேட்டது. "யாருக்கும்மா வம்பு? இருபத்தாறு வருஷமா நிக்கிற மிஷினைத் தூக்கி எங்க வைக்கிறது, உன் மடியிலயா?"

அம்மா திரும்பினாள். என் பையைப் பார்த்தாள். "நீ எதுக்கு அந்த நோட்டை எடுத்துட்டுப் போற?"

எழுதிக்கத்தான் என்றேன். அவள் மறுபடியும் மிஷினை ஓட்ட ஆரம்பித்தாள். அந்தக் கேள்வியை நான் அப்போது குறித்துக்கொள்ளவில்லை. இப்போதுதான் எழுதுகிறேன்.

நோட்டைப் பற்றி இரண்டு வரி. மாலையில் சுருக்கெழுத்து வகுப்புக்குப் போகிறேன். பயிற்சிக்காக அன்றன்று நடப்பதையெல்லாம் இடது பக்கம் பென்சிலால் சுருக்கெழுத்தில் குறிப்பேன். வகுப்பு தொடங்கும் முன் கிடைக்கும் பத்து நிமிடத்தில் வலது பக்கம் மையால் விரித்து எழுதுவேன். நிமிடத்துக்கு அறுபது வார்த்தைதான் என் வேகம். விட்டுப்போன இடங்களில் சின்ன வட்டம் போட்டு வைப்பேன். என் நோட்டில் வட்டங்கள் கொஞ்சம் அதிகம்.

பத்து இருபதுக்கு நில அலுவலகத்தின் இரண்டாம் மாடியில் இருந்தோம். நடைவழி பெஞ்சின் மறுகோடியில் பெரியப்பா உட்கார்ந்திருந்தார். அப்பாவைப் பார்த்ததும் எழுந்திருக்கப் போவதுபோல அசைந்தார், அப்புறம் உட்கார்ந்தே இருந்தார். ஒரே மூக்கு, ஒரே வழுக்கை. யாராவது புதிதாக வந்தால் இவர்களில் யார் மனுதாரர் என்று குழம்பித்தான் போவார்கள்.

பத்து நாற்பதுக்குப் பெரியப்பாவையும் எங்களையும் உள்ளே கூப்பிட்டார்கள்.

அறை சின்னது. மேசை, அலமாரி, ஜன்னல் என்று எல்லா இடத்திலும் கோப்புகள். தலைக்கு மேல் ஒரு மின்விசிறி. அது ஓடிய சத்தத்தைச் சரியாகச் சொல்ல வேண்டுமென்றால், தகரப் பெட்டிக்குள் ஆணிகளைப் போட்டு ஆட்டியதுபோல இருந்தது. காகிதங்கள் பறக்காமல் இருக்க ஒவ்வொன்றின் மேலும் எதையோ வைத்திருந்தார்கள். ஸ்டேப்ளர், தண்ணீர் டம்ளர், சாவியில்லாத ஒரு பூட்டு.

அதிகாரி கெட்டவராகத் தெரியவில்லை. களைத்தவராகத் தெரிந்தார். மேசைமேல் அன்றைய கோப்புகளை எண்ணினேன், முப்பத்தொன்று. பக்கத்தில் எழுத்தர். அவருக்கு அக்கா படியேறும்போதே 'முத்திரை' என்று பெயர் வைத்துவிட்டாள். நாங்கள் நுழைவுச் சீட்டு வாங்கியபோது சீட்டிலும், சீட்டின் பின்பக்கத்திலும், தவறி மேசை மேலும் முத்திரை குத்தினார்.

அதிகாரி வாக்குமூலத்தை அப்பா பக்கம் தள்ளி, பேனாவைத் திறந்து வைத்தார். அப்பா கண்ணாடியை மாட்டினார். அக்கா முந்திக்கொண்டாள். முதலில் அதில் என்ன இருக்கிறதென்று படித்துக் காட்ட வேண்டும் என்றாள். போன தடவையே படித்துக் காட்டியாயிற்று, அவரும் சரியென்று தலையசைத்தார், பதிவில் இருக்கிறது என்றார் அதிகாரி. பிறகு எங்கள் இருவரையும் பார்த்து, நீங்கள் தரப்பினர் இல்லையே, வெளியே இருங்கள் என்றார்.

நான் எழுந்தே விட்டேன். அக்கா என் துப்பட்டாவைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தாள்.

"அவருக்குக் காது கேக்காது சார். அதான் கூட வந்திருக்கோம். போகச் சொன்னா போறோம். ஆனா காது கேக்காதவரோட கூட வந்தவங்களை வெளிய அனுப்பினேன்னு அதுல எழுதுங்க. எழுதினா இப்பவே போறோம்."

அதிகாரி எழுத்தரைப் பார்த்தார். எழுத்தர் கூரையைப் பார்த்தார். யாரும் எதையும் எழுதவில்லை. நாங்களும் போகவில்லை.

"நீ என்னம்மா எழுதிக்கிட்டிருக்க?" என்றார் அதிகாரி என்னிடம்.

"நடக்கறதை, சார்."

இதையெல்லாம் அப்பா கேட்கவில்லை. காதில் மிச்சமிருந்த கொஞ்சத்தையும் விழுங்கிக்கொண்டிருந்த அந்த மின்விசிறியையே அவர் மேலே பார்த்துக்கொண்டிருந்தார். பட்டறையில் ஏதாவது மிஷின் கோளாறாக ஓடினால் அப்படித்தான் பார்ப்பார். பிறகு, தன் குரல் எவ்வளவு உரக்க வருகிறதென்று தெரியாதவர்கள் பேசுகிற அந்தக் குரலில் சொன்னார்:

"ஃபேனை நிறுத்துங்க."

நடைவழியில் இருந்தவர்கள்கூடத் திரும்பிப் பார்த்தார்கள். புழுக்கமாக இருக்கும், நிறைய பேர் காத்திருக்கிறார்கள், ரெண்டு நிமிட வேலை என்று அதிகாரி ஏதோ சொன்னார். அப்பா அவர் வாயையே பார்த்துவிட்டுத் தலையை ஒருமுறை ஆட்டினார்.

"பாத்தீங்களா, சரின்னுட்டார்" என்றார் அதிகாரி.

"ஃபேனை நிறுத்துங்க" என்றார் அப்பா மறுபடியும்.

எழுத்தர்தான் எழுந்து போய் ஸ்விட்சை அணைத்தார். ஏன் என்று தெரியவில்லை. அவருக்கும் அந்தச் சத்தம் பிடிக்கவில்லையோ என்னவோ. இறக்கைகள் நின்றன. அறையில் அப்படி ஒரு அமைதி இருக்க முடியும் என்று அங்கே வேலை பார்ப்பவர்களுக்கே தெரிந்திருக்காது.

அப்பா நாற்காலியை இழுத்து எழுத்தருக்கு நேர் எதிரே, ஜன்னல் வெளிச்சம் அவர் முகத்தில் விழுகிற மாதிரி போட்டுக்கொண்டார். "இப்பப் படிங்க. ஒவ்வொரு வரியா. நான் உங்க வாயைப் பாத்துக்கறேன்."

எழுத்தர் அதிகாரியைப் பார்த்தார். அதிகாரி கைக்கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு படிக்கச் சொல்லிக் கைகாட்டினார்.

முதல் வரி பெயர், வயது, தொழில். சரி என்றார் அப்பா. இரண்டாவது வரி பட்டறை இருபத்தாறு வருடமாக இருக்கிறது என்பது. சரி. மூன்றாவது வரியை எழுத்தர் கொஞ்சம் வேகமாகப் படித்தார். மேற்படி நிலத்தை என் மூத்த சகோதரர் தற்காலிக உபயோகத்துக்கு எனக்கு விட்டுக்கொடுத்தார்.

"நிறுத்துங்க. இதை நான் சொல்லல."

சொல்லாமல் எப்படி எழுதுவார்கள் என்று அதிகாரி கேட்டார். அவர் குரல் முதல்முறையாக உயர்ந்தது. தானே நேரில் கேட்டதாகவும், 'உங்க அண்ணன்தான் இதைத் தற்காலிகமா விட்டுக்கொடுத்தாரா' என்று தெளிவாகக் கேட்டதாகவும், அப்பா தலையை ஆட்டியதாகவும் சொன்னார்.

அப்பா அதை அவர் உதட்டிலிருந்து முழுசாகப் படித்தார். முகம் மாறியது. தாளைத் தன் பக்கம் இழுத்து நான்காவது, ஐந்தாவது, ஆறாவது வரிகளின் மேல் விரலை ஓட்டினார்.

"இது உங்க கேள்வி. இதுவும் உங்க கேள்விதான். எல்லாம் நீங்க கேட்டது. என் பதில் எங்க?"

இங்கே ஒன்றை விளக்க வேண்டும். எங்கள் தெருவில் யாருக்கும் விளக்கத் தேவையில்லாத விஷயம் இது. லேத் ஓடும்போது யார் வந்து என்ன கத்தினாலும் அப்பா ஒருமுறை தலையை ஆட்டுவார். நீ பேசறது தெரியுது, இந்த வெட்டு முடியட்டும், இரு என்று அர்த்தம். வெட்டு முடிந்ததும் மிஷினை நிறுத்திவிட்டு, இப்பச் சொல்லு என்பார். புது வாடிக்கையாளர் சிலர் அந்தத் தலையாட்டலை நம்பி, சரியென்று சொல்லிவிட்டார் என்று போய்விடுவார்கள், மறுநாள் வந்து சண்டை போடுவார்கள். முதல் விசாரணையில் அந்த மின்விசிறியின் கீழே அப்பா ஒரு மணி நேரம் இரு, இரு என்று சொல்லியிருக்கிறார். அவர்கள் ஆமாம், ஆமாம் என்று எழுதியிருக்கிறார்கள்.

இதை அக்கா சொன்னாள். நான் எழுதியதைவிடச் சுருக்கமாகவும் சூடாகவும் சொன்னாள். அதிகாரி நம்பவில்லை. வசதிக்குத் தகுந்தமாதிரி இப்போது ஒரு அர்த்தம் கண்டுபிடிப்பதாகச் சொன்னார். இதற்கு என்ன அத்தாட்சி?

அக்கா பெரியப்பா பக்கம் திரும்பினாள். இதை அவள் முன்கூட்டி யோசித்திருந்தாளா என்று பிறகு கேட்டேன். இல்லை என்றாள்.

"பெரியப்பா. பட்டறை ஆரம்பிச்சப்ப ரெண்டு வருஷம் நீங்களும் அப்பாகூட அந்த மிஷின்ல நின்னீங்க. அப்பா தலையாட்டினா என்ன அர்த்தம்? நீங்களே சொல்லுங்க."

பெரியப்பா செருப்பைப் பார்த்தார். மனுதாரர் பதில் சொல்ல வேண்டியதில்லை என்று அதிகாரி தொடங்கினார். அப்பா அண்ணன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். காது கேட்காதவர்கள் பார்ப்பதிலிருந்து முகத்தைத் திருப்பிக்கொள்வது கஷ்டம். அதை நான் இருபத்திரண்டு வருடமாக அனுபவித்திருக்கிறேன்.

"பட்டறையில 'இரு'ன்னு அர்த்தம்" என்றார் பெரியப்பா. அப்புறம் அவசரமாகச் சேர்த்தார்: "ஆனா இது பட்டறை இல்லையே."

"எழுதிக்கிட்டீங்களா சார்?" என்றாள் அக்கா எழுத்தரிடம்.

அதிகாரி நாற்காலியில் சாய்ந்தார். வியர்த்திருந்தது. சரி, வாக்குமூலத்தில் ஒன்றிரண்டு வரி திருத்திக்கொள்ளலாம், கோப்பை இழுத்தடிக்க முடியாது, இன்றைக்கே கையெழுத்துப் போட்டு முடியுங்கள் என்றார். அவர் விட்டுக்கொடுத்ததாக நினைத்தார். எனக்கும் ஒரு நிமிடம் அப்படித்தான் தோன்றியது. திருத்திவிட்டார்களே, போதுமே என்று. இப்படிச் சீக்கிரம் திருப்திப்படுவது என் குணம்.

அக்கா ஒத்துக்கொள்ளவில்லை. "ஒரு மில்லியில பத்துல ஒரு பங்கு தப்பினாலே பொருளைத் திருப்பி அனுப்பிடறாங்க சார். புதுசாத்தான் கடைஞ்சு குடுக்கணும். தேய்ச்சு ஒட்டிக் குடுத்தா வாங்க மாட்டாங்க. இங்க ஒரு மனுஷன் பேசினது முழுசும் தப்பா இருக்கு."

அப்பா பேனாவை மூடி அதிகாரியின் பக்கம் நகர்த்தி வைத்தார். மெதுவாகத்தான் செய்தார்.

"இடம் என்னுதா அண்ணனுதான்னு நீங்க முடிவு பண்ணுங்க. அது உங்க வேலை. நான் தோத்தாலும் பரவாயில்ல. ஆனா நான் சொன்னதைக் கேட்டுட்டுத் தோக்க வைங்க."

இந்த இடத்தில் என் நோட்டில் வட்டமே இல்லை. ஒரு எழுத்துகூட விட்டுப்போகவில்லை.

அப்புறம் அதிகாரி வேறு பக்கத்திலிருந்து வந்தார். வாக்குமூலம் இல்லாவிட்டாலும் நிலப் பார்வை அறிக்கை இருக்கிறது, போன மாதம் தானே நேரில் வந்து இரு தரப்பினர் முன்னிலையில் இடத்தைப் பார்வையிட்டிருக்கிறேன், அதை வைத்தே உத்தரவு போடலாம் என்றார். தேதியையும் படித்தார்.

எனக்குத் தேதிகள் மறப்பதில்லை. எனக்கென்று இருக்கும் ஒரே திறமை அது. அன்று வியாழக்கிழமை. நாள் முழுக்க மின்தடை, பட்டறை பூட்டியிருந்தது. அக்கா முடித்த தண்டுகளைக் கொடுக்க வெளியூர் போயிருந்தாள். நான் அப்பாவைக் காது மருத்துவரிடம் கூட்டிப்போனேன். காலை ஒன்பது பத்துக்குக் கிளம்பி, மதியம் ஒன்று நாற்பதுக்குத் திரும்பினோம். எங்கள் தரப்பில் அங்கே யாரும் நிற்கவில்லை, யாரும் வரப்போவதாக எங்களுக்கு ஒரு துண்டுக் காகிதம்கூட வரவில்லை.

இதையெல்லாம் அதிகாரியிடம் சொன்னேன். நோட்டைப் புரட்டிக் காட்டினேன்.

அதிகாரி வாங்கிப் பார்த்தார். இடது பக்கம் கோடும் புள்ளியும், வலது பக்கம் தமிழும் இருப்பதைப் பார்த்து இது என்ன என்று கேட்டார். விளக்கினேன்.

"அப்ப இந்த வலது பக்கத்தை எப்ப வேணாலும் மாத்தி எழுதிக்கலாம், இல்லையா?"

இல்லை என்று சொல்லியிருக்கலாம். அக்கா மேசைக்கடியில் என் காலை மிதித்தாள். ஆனால் கேள்வி நேர்மையாக இருந்தது.

"எழுதலாம் சார். சில இடத்துல எழுதியிருக்கேன். ஆனா இடது பக்கம் அப்படியே இருக்கும். அழிச்சாலும் பென்சில் தடம் தெரியும். உங்க பதிவுல இடது பக்கமே இல்ல சார்."

எழுத்தர் இருமினார். அது சிரிப்பு என்று அக்கா சத்தியம் பண்ணுகிறாள். எனக்கு உறுதியாகச் சொல்ல முடியவில்லை.

அறிக்கையின் நகல் வேண்டும் என்று கேட்டோம். உத்தரவு வந்த பிறகு தருவதுதான் வழக்கம் என்றார். உத்தரவு வந்த பிறகு அதை வைத்து என்ன செய்வது, கண்ணாடி போட்டு மாட்டவா என்று அக்கா கேட்டாள். எங்களுக்கு எதிராக இருக்கும் தாளை எங்களுக்குக் காட்டாமல் எப்படிப் பதில் சொல்வது? அப்பாவும் எழுந்து நின்றார். நகல் கிடைக்காமல் அந்த அறையை விட்டுப் போவதாக இல்லை என்பது அவர் நின்ற விதத்திலேயே தெரிந்தது.

பதினொன்று ஐம்பதுக்கு அதிகாரி நான்கு விஷயங்களைச் சொல்ல, எழுத்தர் எழுதினார். பழைய வாக்குமூலம் ரத்து. பத்து நாள் கழித்து, மின்விசிறி இல்லாமல், புதிய வாக்குமூலம். அறிக்கையின் நகல் இன்றே தரப்படும். கடைசியாக என் பக்கம் திரும்பினார்.

"அந்த நோட்டை அத்தாட்சியா காட்டினீங்கல்ல. அடுத்த தடவை முழு நோட்டும் வரணும். முதல் பக்கத்துல இருந்து, அன்னிக்குக் காலையில எழுதினது வரைக்கும். ஒரு தாள் கிழிஞ்சிருந்தாலும் செல்லாது."

சரி என்றேன். ரொம்பப் பெருமையாகச் சொன்னேன். அதையும் எழுதிவிடுகிறேன்.

நில அலுவலகத்தின் நகல் இயந்திரம் எட்டு மாதமாகப் பழுது. கோப்புகளை எழுத்தரே தூக்கிக்கொண்டு எதிரே இருக்கும் ஜெராக்ஸ் கடைக்கு வருவார். அதுதான் நான் வேலை பார்க்கும் கடை. இன்று எனக்கு அரை நாள் விடுப்பு. முதலாளி சாப்பிடப் போயிருந்தார், கடையில் ஆளில்லை. நீயே எடுத்துரும்மா, எனக்கு மேலே இருபத்தொன்பது கோப்பு கிடக்குது என்றார் எழுத்தர். அப்பாவும் அக்காவும் வெளியே தேநீர்க் கடையில் நின்றார்கள். பெரியப்பா அவர்களைத் தாண்டிப் போனார். அப்பா ஒரு டம்ளரைத் தூக்கிக் காட்ட, பெரியப்பா வேண்டாமென்று கையசைத்துவிட்டு, நாலடி போய், ஒரு கணம் நின்று, பிறகுதான் போனார்.

அறிக்கை மூன்று தாள். முதல் தாளில் எல்லைகள். இரண்டாம் தாளில் வரைபடம். அதில் பட்டறையைச் 'சிறு கொட்டகை' என்று குறித்திருந்தார்கள், அக்கா பார்த்தால் கொதிப்பாள் என்று நினைத்துக்கொண்டேன். மூன்றாம் தாளைக் கண்ணாடி மேல் கவிழ்த்தேன். வெளிச்சக் கோடு ஓடியது. நகல் சூடாக வெளியே வந்தது.

'இரு தரப்பினர் முன்னிலையில் பார்வையிடப்பட்டது.' அதன் கீழே மூன்று கையெழுத்துகள். ஒன்று அதிகாரி. ஒன்று பெரியப்பா.

மூன்றாவது கையெழுத்தைப் படிக்க வேண்டிய அவசியமே இல்லை. கடைசி எழுத்தின் வாலைக் கீழே இழுத்து, பெயர் முழுவதற்கும் அடியில், ஓரம் அடிக்கும் தையல்போல நேராக ஒரு கோடு. என் பள்ளிக்கூட மதிப்பெண் அட்டைகளில் பன்னிரண்டு வருடம் பார்த்த கோடு.

அம்மா.

எழுத்தர் மூன்று நகலின் பின்னாலும் முத்திரை குத்தி, மொத்தம் 3 தாள் என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார். மூன்றாவது தாளை என் நோட்டுக்குள் வைத்தேன். மற்ற இரண்டையும் அக்காவிடம் கொடுத்தேன். அவ்வளவுதானா என்றாள். இப்போதைக்கு அவ்வளவுதான் என்றேன். என் வாழ்க்கையில் அவளிடம் சொன்ன முதல் பொய் இது இல்லை. ஆனால் நேரம் குறித்து வைத்த முதல் பொய் இதுதான். பன்னிரண்டு ஐம்பது.

வழியெல்லாம் அக்கா அதிகாரியைப் போலப் பேசிக் காட்டிக்கொண்டு வந்தாள். அப்பா அவள் வாயைப் பார்த்துச் சிரித்தார். அவர் அப்படிச் சிரித்து நாளாயிற்று. அவர்களுக்கு இரண்டடி பின்னால் நான் கணக்குப் போட்டுக்கொண்டு நடந்தேன். எங்கள் வீட்டு ஆள் ஒருவர் அங்கே நின்று கையெழுத்துப் போட்டிருந்தால், 'இரு தரப்பினர் முன்னிலையில்' என்பது உண்மையாகிவிடும். எங்கள் தரப்பில் யாரும் அங்கே இல்லை என்று நான் அத்தனை பேர் முன்னால் சொன்னது பொய்யாகிவிடும். இதை நோட்டில் எழுதினால் நோட்டு அதிகாரியிடம் போகும். எழுதாவிட்டால் அது நோட்டே இல்லை.

வீட்டில் அம்மா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள். அக்கா நடித்துக் காட்டியபோது சிரிக்கவும் செய்தாள். அப்பா போய் லேத்தை ஓட்ட ஆரம்பித்தார். அக்காவும் பின்னாலேயே போனாள்.

ஐந்து மணிக்கு வகுப்புக்குக் கிளம்ப வேண்டிய நான் முன்னறையிலேயே நின்றேன். நோட்டைத் திறந்து பென்சிலை எடுத்தேன். பன்னிரண்டு ஐம்பது, மூன்றாம் தாள் என்பதுவரை குறித்தேன். அதற்கு மேல் கை ஓடவில்லை. பயத்தால் இல்லை. தாளில் இருப்பது அம்மாவின் கையெழுத்து. அம்மாவின் பதில் அதில் எங்கேயும் இல்லை. ஏன் போட்டாள், யார் போடச் சொன்னார்கள், என்னவென்று சொல்லிப் போட வைத்தார்கள்? அவளைக் கேட்காமல் நான் அந்த வரியை முடித்தால், காலையில் அந்த அறையில் நாங்கள் யாரை எதிர்த்து நின்றோமோ அவராகவே நானும் ஆகிவிடுவேன்.

அவள் சொல்லப்போவது எங்களை மூழ்கடிக்கலாம். அப்படியானாலும் எழுதத்தான் போகிறேன். அவள் சொன்ன பிறகு எழுதுவேன்.

தாளை எடுத்து, மிஷின் மேல், துணிக்குப் பக்கத்தில், அவள் கண்ணில் படும்படி வைத்தேன்.

"மிஷினை நிறுத்தும்மா. ஒண்ணு கேக்கணும்."

அவள் தாளைப் பார்த்தாள். மூன்றாவது கையெழுத்தில் கண் நின்றது. கால் மிதியிலிருந்து எழவில்லை. ஊசி ஏறி இறங்கிக்கொண்டே இருந்தது.

நிமிராமல், ஒருமுறை தலையை ஆட்டினாள்.

நான் அதை அப்போது எழுதவில்லை. பென்சிலைப் பிடித்தபடி, அந்தத் தையல் முடியும்வரை நின்றேன்.